மரியின் அருளப்பன்

கிருஷ்ணகிரி, ஓசூர் வட்டாரத்துக் கல்லூரிகளில் வருகைப்பதிவேட்டைப் புரட்டினால் ‘ஜான் மரிய வியான்னி’ என்ற பெயர் எங்காவது கண்ணில் படும். அகரவரிசைப்படி அவனுக்குச் சற்றுக் கீழே ஒரு மாரியப்பன் இருப்பான். அவனுக்கும் கீழே ஒரு யல்லப்பா. மூவரும் ஆண்பிள்ளைகள். மூவர் பெயருக்குள்ளும் ஒரு பெண் இருக்கிறாள். இந்தப் பையன்களிடம் இதைச் சொன்னால் சிரிப்பார்கள். மாரியப்பன் என்பது அவர்களுக்கு மீசை வைத்த பெயர். ஜான் மரிய வியான்னியை நண்பர்கள் ‘வியான்னி’ என்று கூப்பிடுவார்கள். யாராவது ‘மரியா’ என்று கூப்பிட்டால் அது கேலி.

‘வியான்னி’ ஒரு பிரெஞ்சுப் பாதிரியாரின் குடும்பப் பெயர். ‘ஜான் மரிய’ என்ற முன்பாதி, பிரான்சில் தலைமுறை தலைமுறையாக ஆண்பிள்ளைகளுக்கு வைக்கப்பட்ட ‘ழான்-மரி’ என்ற இணைப்பெயர். நடுவில் ஒரு சிறு கோடு போட்டு இரண்டையும் ஒன்றாக எழுதுவார்கள். நம் ஊருக்கு வந்தபோது ழான் ஆங்கில வழியில் ஜான் ஆனது. மரி லத்தீனிலும் போர்த்துகீசியத்திலும் உள்ளபடி மரிய ஆனது. கோடு உதிர்ந்துவிட்டது.

ழான் என்பதன் வேர் எபிரேய மொழியின் யோகனான். இறைவன் அருள்கூர்ந்தான் என்று பொருள். தமிழ்க் கத்தோலிக்கர்கள் இந்தப் பெயரை ஒலிபெயர்த்ததோடு நிற்காமல் பொருளையே பெயர்த்து ‘அருளப்பர்’ ஆக்கினார்கள். பழைய மொழிபெயர்ப்பாளர்களின் துணிச்சலுக்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது. மரி என்பதன் வேர் மிரியாம். அதற்குக் கசப்பு என்றும், கலகம் என்றும், அன்புக்குரியவள் என்றும் அறிஞர்கள் ஆளுக்கொரு பொருள் சொல்கிறார்கள். அதனால் அவளை யாரும் பொருள்பெயர்க்கவில்லை. மரி, மரியாள், மரியாயி, மேரி என்று ஒலியாகவே தங்கிவிட்டாள். ழான்-மரியை முழுவதும் தமிழாக்கினால் ‘மரிய அருளப்பன்’ என்று வரும்.

ழானையும் மரியையும் சேர்த்து ஏன் வைத்தார்கள்? சேசுவுக்கு மிக நெருக்கமான இருவரின் காவலும் ஒரே குழந்தைக்குக் கிடைக்கட்டும் என்பது எளிய விடை. யோவான் நற்செய்தியில் இதற்கு ஒரு காட்சியும் உண்டு. சிலுவையில் தொங்கும் மகன், கீழே நிற்கும் தாயை அன்புச் சீடனிடமும் சீடனைத் தாயிடமும் ஒப்படைக்கிறான். அன்றுமுதல் அந்தச் சீடன் அவளைத் தன் வீட்டில் ஏற்றுக்கொண்டதாக நற்செய்தி சொல்கிறது. அந்தச் சீடன்தான் யோவான் என்பது திருச்சபை மரபு. இரத்த உறவில்லாமல், வாய்ச்சொல்லால் ஏற்பட்ட தாயும் மகனும் அவர்கள். ழான்-மரி என்ற பெயரைக் கேட்கும்போது எனக்கு இந்தக் காட்சிதான் நினைவுக்கு வரும்.

இந்த மண்ணுக்கும் பிரெஞ்சுப் பாதிரிமார்களுக்கும் நெடுநாள் தொடர்பு. 1773இல் சேசு சபை ஒடுக்கப்பட்டது. 1776இல் புதுச்சேரியை மையமாகக் கொண்ட அதன் பணிக்களத்தைப் பாரிஸ் அயல்நாட்டு மறைபரப்புச் சபை ஏற்றது. 1930இல் சேலம் மறைமாவட்டம் உண்டானபோது அதன் முதல் ஆயராக வந்த புருனியேவும் பிரெஞ்சுக்காரர். சேலத்திலிருந்து 1997இல் தருமபுரி மறைமாவட்டம் பிரிந்தது. எலத்தகிரி, கோவிலூர் போன்ற பழைய கத்தோலிக்க ஊர்களில் மரியதாஸ், மரியசூசை, மரிய அந்தோணி எல்லாம் ஆண்கள்தான். மரியசூசை அச்சு அசல் பிரெஞ்சுக்காரர்களின் ‘ழொசெப்-மரி’. அந்தப் பெயர் வேறொரு வழியிலும் தமிழ் வீடுகளுக்குள் நுழைந்திருக்கிறது. பட்டுத்தறியின் மேலே அட்டை கோத்துத் தொங்குகிற ஜக்கார்டு கருவிக்குப் பெயர் தந்த லியோன் நகரத்துக்காரர் (1752–1834) ஒரு ழொசெப்-மரி.

இங்கே தமிழாசிரியையின் புத்தி குறுக்கிடுகிறது. ழான்-மரி எந்தத் தொகை? ‘ழானும் மரியும்’ என்று விரித்தால் உம்மைத்தொகை. ஆனால் உயர்திணை உம்மைத்தொகை பலர்பால் ஈறு பெற வேண்டும் என்பது நன்னூல் விதி. கபிலனும் பரணனும் சேர்ந்தால் ‘கபிலபரணர் வந்தனர்’ என்றுதான் வரும். ‘ழான்-மரி வந்தான்’ என்கிறபோது அங்கே இருவர் சமமாக இல்லை என்று இலக்கணமே காட்டிக்கொடுக்கிறது. ‘மரியின் ழான்’ என்று விரித்தால் ஆறாம் வேற்றுமைத்தொகை. அவன் அவளுக்கு உரியவன். பக்தர்கள் இந்த விரிவைத்தான் விரும்புவார்கள்.

பிரெஞ்சு வழக்கில் முன்னால் நிற்கும் பெயர் பாலைத் தீர்மானிக்கும். ழான்-மரி ஆண், மரி-ழான் என்ற பெண்பால் வடிவம் பெண். பியேர்-மரி ஆண், மரி-பியேர் பெண். இந்த அளவில் பிரெஞ்சு தாராளமானது. பெண்ணும் ஓர் ஆண்பெயரைத் தனக்குள் வைத்துக்கொள்ளலாம். தமிழில் தலைமைச்சொல் கடைசியில் நிற்கும். ஆகவே மரி முன்னால் வந்து, அந்தோணியும் சூசையும் பின்னால் நின்று பெயரை ஆணாக்கிவிடுகிறார்கள். பெண்களுக்கோ ஆரோக்கிய மேரி, சகாய மேரி, லூர்து மேரி. நம் வழக்கில் மேரி கடைசியில் நின்றால் பெண், மரிய முதலில் நின்றால் ஆண். யாரும் எழுதி வைக்காத இந்த விதியை யாரும் பெரிதாக மீறுவதில்லை.

1803இல் பிரான்சில் ஒரு சட்டம் வந்தது. பிள்ளைகளுக்கு வைக்கும் பெயர், நாட்காட்டிகளில் உள்ளதாகவோ பண்டை வரலாற்று மனிதருடையதாகவோ இருக்க வேண்டும் என்றது. 1993வரை பெற்றோரின் விருப்பத்துக்கு அது வேலியாக இருந்தது. புனிதர்களின் பெயர்கள் தலைமுறைகளாகத் திரும்பத் திரும்ப வந்ததற்கு பக்தியோடு இந்தச் சட்டமும் ஒரு காரணம்.

நம் வியான்னிக்கு வருவோம். 1786இல் லியோனுக்குப் பக்கத்து தார்தியி என்ற ஊரில், உழவர் குடும்பத்தில் பிறந்தார். பிரெஞ்சுப் புரட்சி நடந்த ஆண்டுகளில் பாதிரிமார் ஒளிந்து பூசை வைத்தார்கள், இவர் குடும்பம் மறைவாகப் போய்க் கலந்துகொண்டது. லத்தீன் ஏறாமல் குருமடத்தில் திணறியவர். கடைசியில் ஆர்ஸ் என்ற சிற்றூருக்குப் பங்குக் குருவாகப் போய், 1859இல் இறக்கும்வரை அங்கேயே இருந்தார். 1925இல் புனிதர் பட்டம். பங்குக் குருக்களின் பாதுகாவலர் என்பதால் நம் ஊர்க் குருக்கள் இவர் பெயரைப் பிள்ளைகளுக்கு விரும்பி வைக்கிறார்கள்.

இவருடைய தாயின் பெயரும் மரிதான், மரி பெலூஸ். பெயரில் இருக்கும் வானுலக மரியும் வீட்டில் இருந்த மரியும் ஒன்றாகக் கலந்த அரிய இடம் இது. ஆனாலும் மகன் வியான்னி, பெலூஸ் அல்ல. வியான்னி தகப்பன் வழி.

அவர் கதையில் எனக்கு முக்கியமானவள் இன்னொருத்தி. ஆர்ஸில் 1824இல் ஏழைப் பெண்பிள்ளைகளுக்காக இலவசப் பள்ளி ஒன்று தொடங்கியது. பின்னால் ஆதரவற்ற சிறுமிகளின் இல்லமாகவும் அது ஆனது. அதை நடத்தியவர்கள் அந்த ஊர்ப் பெண்கள். அவர்களில் கத்தரின் லசாஞ் முதன்மையானவர். பள்ளி தொடங்கும்போது அவருக்கு வயது இருபதுகூட ஆகவில்லை. 1847இல் பள்ளி கன்னியர் சபை ஒன்றின் கைக்குப் போனது. இருபத்து மூன்று ஆண்டுகள் சமைத்து, துவைத்து, எழுத்துச் சொல்லிக்கொடுத்த பெண்கள் ஒதுங்க வேண்டியதாயிற்று. வியான்னியைப் பற்றிப் பக்கத்திலிருந்து பார்த்து நினைவுக்குறிப்பு எழுதி வைத்ததும் இதே கத்தரின்தான். பாதிரியாரின் அன்றாடத்தை நாம் இவ்வளவு அறிவதற்கு அந்த உழவர் வீட்டுப் பெண்ணின் கையெழுத்தும் ஒரு காரணம். நம் ஊரில் எத்தனையோ வியான்னிகள் இருக்கிறார்கள். லசாஞ் என்று ஒரு பெண்பிள்ளைக்கும் பெயரில்லை. குடும்பப் பெயரைப் பெண்ணுக்கு வைப்பது நமக்குத் தோன்றவே தோன்றாது.

இப்போது மாரியப்பனும் யல்லப்பாவும். தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒரே தெருவில் பேசும் எல்லைப்புறம் இது. தமிழ்வீட்டு மாரி, தெலுங்கு, கன்னட வீடுகளில் எல்லம்மா. எல்லம்மா என்பவள் ரேணுகை. கணவன் ஆணையிட, பெற்ற மகனே தலையை வெட்டிய தாய். வெட்டுண்ட தலை வேறோர் உடலில் ஒட்டியதாகவும் அவளே மாரியம்மன் ஆனதாகவும் நம் பக்கத்துக் கதை. யல்லப்பா என்று பெயர் வைத்துக்கொண்ட ஓர் ஆண், தகப்பன் சொல்லுக்காகத் தாயைக் கொன்ற கதையைத் தன் பெயரில் சுமக்கிறான். அம்மை வார்த்துப் பிழைத்த பிள்ளை, நேர்ந்துகொண்டு பிறந்த பிள்ளை என்று இந்தப் பெயர்களுக்குப் பின்னால் ஏதோ ஒரு தாயின் பயம் இருக்கும்.

நேர்ந்துகொள்வது பிரான்சிலும் உண்டு. மரி-ழான்-அந்துவான்-நிக்கோலா என்று நீண்ட பெயரோடு 1743இல் பிறந்தவர் கொந்தோர்சே. படைத்தலைவனான தகப்பன், பிள்ளை பிறந்த சில வாரங்களில் போரில் இறந்தார். தாய் பிள்ளையை மரியன்னைக்கு நேர்ந்துவிட்டு எட்டு வயதுபோல வரை வெள்ளைப் பாவாடை கட்டி வளர்த்தாள் என்று அவர் வரலாற்றில் எழுதுகிறார்கள். பிள்ளை தங்காத வீட்டில் பையனுக்கு மூக்குக் குத்தி மூக்கன் என்றும், குப்பையில் புரட்டிக் குப்பன் என்றும் பெயர் வைத்த நம் கிழவிகள் இதைக் கேட்டால் வியக்கமாட்டார்கள்.

இந்தக் கொந்தோர்சேதான் 1790 ஜூலையில், பெண்களுக்குக் குடியுரிமை வேண்டும் என்று கட்டுரை எழுதினார். மனித உரிமை பற்றி முழங்கிய புரட்சிக்காரர்கள், மனிதகுலத்தின் பாதியை வெளியே நிறுத்தியதை அவர் தயங்காமல் சுட்டிக்காட்டினார். பாவாடையோ மரியோ அவரை அப்படி ஆக்கியது என்று நான் சொல்லமாட்டேன். நம் காலத்தில் பிரான்சின் தீவிர வலதுசாரிக் கட்சியை வளர்த்தவரும் ஒரு ழான்-மரிதான், ழான்-மரி லெ பென். கட்சியைக் கையிலெடுத்த மகளே 2015இல் அவரைக் கட்சியிலிருந்து வெளியேற்றினாள். பெயருக்குள் பெண் இருப்பதால் ஆண் மாறிவிடுவதில்லை.

பிறகு அந்தப் பெண் எதற்காக அங்கே இருக்கிறாள்? என் எண்ணம் இதுதான். மரியும் மாரியும் எல்லம்மாவும் சொத்துக் கேட்காத தாய்மார். அவர்கள் பெயரை மகனுக்கு வைத்தால் நிலமோ குலமோ வாரிசுரிமையோ கைமாறாது. ஆகவே தெய்வத் தாய்க்கு ஆணின் பெயரில் தாராளமாக இடம் கிடைக்கிறது. பெற்ற தாய்க்கு இடம் கேட்டால்தான் சிக்கல் எழுகிறது. ழான்-மரியை நான் அன்மொழித்தொகை என்பேன். சொல்லில் ழானும் உண்டு, மரியும் உண்டு. தொகை சுட்டுவது இருவருக்கும் வெளியே நிற்கிற தகப்பன் வீட்டை.

நம் இலக்கியத்திலேயே பாருங்கள். இந்த மண் தகடூர் நாடு, அதியமான் நெடுமான் அஞ்சியின் நாடு. அவனுக்கு மகன் பிறந்தபோது ஔவையார் பாடிய பாட்டு புறநானூற்றில் நூறாவது. போர்க்களத்திலிருந்து வேலும் கழலுமாக அப்படியே வந்து நிற்கிறான். பிள்ளையைப் பார்த்த பிறகும் பகைவரைப் பார்த்த கண் சிவப்பு மாறவில்லை. தகப்பனும் மகனும் இருக்கிறார்கள், பாடுபவள் ஒரு பெண். பெற்றவள் அந்தப் பாட்டுக்குள் இல்லை. அவள் இன்னும் பிள்ளை பெற்ற அறையில்தானே இருந்திருப்பாள் என்று ஒவ்வொரு ஆண்டும் இந்தப் பாட்டை நடத்தும்போது எனக்குத் தோன்றும். ஔவை அந்த அறைக்குள்ளும் போயிருக்கக் கூடியவள்தான், ஆனால் அவள் பாடவேண்டியது மன்னனை.

பதிற்றுப்பத்தின் பதிகங்கள் சற்றுப் பரவாயில்லை. சேர மன்னர்களை அவை தாயோடு சேர்த்துச் சொல்கின்றன. இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன், உதியஞ்சேரலுக்கு வெளியன் வேண்மாள் நல்லினி ஈன்ற மகன். நல்லினி எவ்வளவு அழகான பெயர். ஆனால் அவளை அடைய வெளியன் என்ற தகப்பனைத் தாண்டி வரவேண்டியிருக்கிறது. களங்காய்க்கண்ணி நார்முடிச்சேரலின் தாய்க்கு அந்த அளவும் வாய்க்கவில்லை. வேளாவிக் கோமான் பதுமனின் தேவி, அவ்வளவுதான். தக்கணத்துச் சாதவாகனர்கள் கௌதமிபுத்திரன், வாசிட்டிபுத்திரன் என்று தாய்ப்பெயரால் தங்களை அழைத்துக்கொண்டார்கள். ஆட்சி மட்டும் தகப்பனிடமிருந்து மகனுக்குப் போனது.

கொந்தோர்சே எழுதிய மறு ஆண்டு, 1791இல், பெண்ணுரிமைச் சாசனத்தை எழுதியவர் ஒலிம்ப் து கூஜ். அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் மரி, மரி கூஸ். பதினாறு, பதினேழு வயதில் கட்டிவைக்கப்பட்டு, சீக்கிரமே விதவையானார். கணவன் பெயரான ஓப்ரியைப் போட்டுக்கொள்ள மறுத்துப் பாரிசுக்குப் போனார். அங்கே தனக்கென்று ஒரு பெயரைத் தானே செய்துகொண்டார். அதற்கு எடுத்த ஒலிம்ப் என்பது அவர் தாயின் பெயர், அன்-ஒலிம்ப். எல்லாப் பெண்ணுக்கும் பொதுவாகக் கிடைக்கும் மரியை விட்டுவிட்டு, தன்னைப் பெற்றவளின் பெயரை எடுத்துக்கொண்டார். 1793 நவம்பர் 3ஆம் நாள் அவரைக் கில்லட்டினில் வெட்டினார்கள். நீதிமன்ற ஆவணத்தில் அவர் மரி-ஒலிம்ப் து கூஜ், ஓப்ரியின் விதவை. அவர் வேண்டாமென்று உதறிய மரியும் ஓப்ரியும் சாகும்போது திரும்ப வந்து ஒட்டிக்கொண்டன.

பிரான்சில் இன்று நிலைமை மாறியிருக்கிறது. 2005 முதல் பெற்றோர் விரும்பினால் பிள்ளைக்குத் தாயின் குடும்பப் பெயரைத் தரலாம். 2022 முதல் வயது வந்தவர் எவரும் ஒரு படிவம் எழுதிக்கொடுத்துத் தாயின் குடும்பப் பெயருக்கு மாறிக்கொள்ளலாம்.

நமக்குக் குடும்பப் பெயர் இல்லை, இனிஷியல்தான். சாதிப் பின்னொட்டை உதறியதற்காகத் தமிழர்கள் பெருமைப்படுவதில் நியாயம் இருக்கிறது. ஆனால் உதறியதும் தனித்து நின்றது தகப்பனின் எழுத்து. ஜான் மரிய வியான்னி என்ற பையன் பெயரைச் சுருக்கி ‘ம. வியான்னி’ என்று எழுதினால், பார்ப்பவர் அது மாணிக்கமா மதலைமுத்துவா என்றுதான் கேட்பார். மரியின் எழுத்து என்று யாருக்கும் தோன்றாது. அந்த இடம் தகப்பனுடையது என்று கண் பழகிவிட்டது.

இந்த எழுத்துக்காக நீதிமன்றம்வரை போன பெண்கள் உண்டு. கோயம்புத்தூரில் பிறந்த நாவலாசிரியர் கீதா ஹரிஹரன், மகன் பேரில் ரிசர்வ் வங்கிப் பத்திரம் வாங்க விண்ணப்பித்தார். தகப்பன் கையெழுத்து வேண்டும் என்றார்கள். தகப்பனுக்குப் ‘பிறகு’ தாய் இயற்கைப் பாதுகாவலர் என்று 1956ஆம் ஆண்டுச் சட்டம் சொன்னது. அந்தச் சொல்லுக்குத் தகப்பன் இறந்த பிறகு என்று மட்டும் பொருளில்லை, அவர் பொறுப்பில் இல்லாதபோதும் தாய் பாதுகாவலரே என்று 1999இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. 2015இல் மணமாகாத கிறிஸ்தவத் தாய் ஒருவரின் வழக்கில், தகப்பன் யாரென்று சொல்லாமலே அவர் பாதுகாவலர் ஆகலாம் என்றது. கடவுச்சீட்டு விதிகளும் 2016 டிசம்பரில் இளகின. பெற்றோரில் ஒருவர் பெயர் போதும்.

படிவங்கள் இன்னும் இளகவில்லை. எங்கள் மாணவிகள் படிப்பு முடிந்ததும் ஓசூர்த் தொழிற்சாலைகளுக்குப் போகிறார்கள். சிலர் படிப்பை நிறுத்திவிட்டும் போகிறார்கள். ஒருத்தி நிரப்பக் கொண்டுவந்த விடுதிப் படிவத்தில் ‘தந்தை / கணவர்’ என்று ஒரு கட்டம் இருந்தது, மூன்றாவது வழி இல்லை. அவளைப் படிக்கவைத்தது கூலி வேலைக்குப் போன அம்மா. தகப்பன் போய்ப் பத்து வருடம். அவர் பெயரை எழுதித்தான் சேர்ந்தாள்.

பெண்குழந்தை பிறந்தால் நெல்மணி தேடிய ஊர்கள் இந்தப் பக்கத்தில் இருந்தன. 1992இல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கியதும், 2001இல் அது தருமபுரிக்கு வந்ததும் அதனால்தான். அப்போது கிருஷ்ணகிரியும் தருமபுரி மாவட்டத்துக்குள் இருந்தது. மகன் வேண்டி மாரிக்கும் மரிக்கும் நேர்ந்துகொண்ட அதே வீடுகளில், மூன்றாவதாகப் பிறந்த பெண்ணுக்குப் போதும்பொண்ணு என்று பெயர் வைத்தார்கள்.

சென்ற ஆண்டு முதலாமாண்டு வகுப்பில் ஒரு பயிற்சி கொடுத்தேன். அம்மா, அம்மாவின் அம்மா, அவருடைய அம்மா என்று தெரிந்தவரை பெயர்களை எழுதச் சொன்னேன். அடுத்த பத்தியில் அப்பா வழி ஆண்களை. அப்பா வழியில் நான்கு, ஐந்து பெயர் எழுதியவர்கள் இருந்தார்கள். குலதெய்வக் கோயிலில் சொல்லக் கேட்ட பெயர்கள். அம்மா வழியில் பெரும்பாலோர் இரண்டோடு நின்றார்கள். வீட்டுக்குப் போன் போட்டுக் கேட்கிறேன் என்று சிலர் வெளியே போனார்கள். ஒரு மாணவி இரண்டாவது வரியில் ஏதோ எழுதி, அடித்துவிட்டு என்னிடம் வந்தாள்.

“மேம், அம்மாயி பேரு வேண்டாம்மா. அதெல்லாம் ஒரு பேரா, எழுதலாமா?”

அடிக்காமல் எழுதச் சொன்னேன். எழுதினாள். அதற்கு மேலே இன்னொரு கோடு போட்டு, அந்த வேண்டாம்மாவைப் பெற்றவள் பேர் தெரியவில்லை, கேட்டு வருகிறேன் என்றாள்.